பலகைப் பாதையின் அடிப்பக்கம்

லிட்டில் இந்தியா நிலையத்தில் டௌன்டவுன் பாதை ரயிலில் ஏறும் ஒருவர், வண்டி மாறாமலேயே மூன்றாவது நிறுத்தத்தில் இறங்கித் தாவரவியல் பூங்காவையும், ஏழாவது நிறுத்தமான பியூட்டி வோர்ல்டில் இறங்கிச் சற்று நடந்து புக்கிட் தீமா மழைக்காட்டையும் அடைந்துவிடலாம். காடு இத்தனை அருகில் இருப்பது இந்த மாநகரத்தின் பேறு. ஆனால் அந்த அருகாமையின் காரணமாகவே, பல லட்சம் கால்கள் ஆண்டுதோறும் மிதிக்கும் இடமாகவும் அக்காடு ஆகிவிடுகிறது. பலகைப் பாதைகள், தொங்குபாலங்கள், காட்சிக் கோபுரங்கள், படிக்கட்டுகள் எனச் சிங்கப்பூரின் பசுமை நிலங்களில் எழுந்துள்ள கட்டமைப்புகள் யாவும் இந்த நெருக்கடிக்கு விடையாக உருவானவை. அவற்றின் மேல் நடப்பவர் காண்பது காட்சியை மட்டுமே. அவை பாதுகாப்பாக இருக்கின்றனவா என்பதற்கான சான்று பெரும்பாலும் பலகைக்கு அடியிலும் தூணின் கால்பகுதியிலும் வடத்தின் உள்ளிழையிலும்தான் இருக்கிறது.

புக்கிட் தீமா இதற்குத் தக்க எடுத்துக்காட்டு. 163 மீட்டருக்குச் சற்றே அதிக உயரமுள்ள, நாட்டின் மிக உயரமான இயற்கைக் குன்றைத் தன்னுள் கொண்ட இந்தக் காடு, 1883ஆம் ஆண்டிலேயே காப்புக்காடாக ஒதுக்கப்பட்டது. பரப்பளவில் ஏறத்தாழ 160 ஹெக்டேர் மட்டுமே உள்ள இதற்கு ஆண்டுக்கு ஏறக்குறைய 400,000 பேர் வந்து சென்ற நிலையில், பாதைகள் நைந்துபோயின. காட்டுப் பாதை நைவது ஒரே நாளில் நிகழ்வதன்று. முதலில் மிதிபடும் மண் இறுகுகிறது. இறுகிய மண்ணுக்குள் மழைநீர் இறங்காததால் அது மேற்பரப்பிலேயே ஓடி, மெல்லிய மேல்மண்ணை அடித்துச் செல்கிறது. பள்ளங்களில் சேறு தேங்குகிறது. சேற்றில் கால் வைக்க விரும்பாதவர் ஓரமாக ஒதுங்கி நடக்க, பாதை ஓர் அடி அகலமாகிறது. அந்த ஓரமும் இறுகிச் சேறாகும்போது அடுத்து வருபவர் இன்னும் ஓர் அடி ஒதுங்குகிறார். இவ்வாறு பாதை அகலும்போது இளங்கன்றுகள் நசுங்குகின்றன, பெரிய மரங்களின் வேர்கள் வெளியே தெரியத் தொடங்குகின்றன, வேர் அடிபட்ட மரம் வலுவிழக்கிறது. சரிவான நிலத்தில் மரம் வலுவிழந்தால் மண்சரிவுக்கும் அதிக நாள் காத்திருக்க வேண்டியதில்லை.

இந்த நிலைக்குத் தேசியப் பூங்காக் கழகம் எடுத்த முடிவு கடுமையானது, ஆனால் சரியானது. 2014 செப்டம்பரில் அந்தக் காடு பொதுமக்களுக்கு மூடப்பட்டது. இடையில் உச்சிக்குச் செல்லும் பாதை மட்டும் வார இறுதிகளில் திறந்துவிடப்பட்டபோதிலும், சரிவுகளை வலுப்படுத்தும் பணியும் பாதைகளைச் சீரமைக்கும் பணியும் முடிந்து முழுமையாகத் திறக்கப்பட 2016 அக்டோபர் ஆயிற்று. மலையேற்றத்தில் ஆர்வமுள்ளவர்கள் முணுமுணுத்தார்கள் என்பது உண்மையே. ஆயினும் அந்த இரண்டு ஆண்டுகளில்தான், வேர்கள் வெளித்தெரிந்த இடங்களில் தரையைத் தொடாமல் உயர்த்தப்பட்ட பலகைப் பாதைகளும், நடப்பவர் ஓரத்துக்கு ஒதுங்காதபடி தடுக்கும் கைப்பிடிக் கம்பிகளும் அமைந்தன. கைப்பிடி என்றால் விழாமல் பிடித்துக்கொள்வதற்கானது என்றே எவரும் எண்ணுவர். காட்டில் அதற்கு இரண்டாவது வேலை ஒன்று உண்டு. அது மனிதரைப் பாதைக்குள் நிறுத்தி, பாதைக்கு வெளியே உள்ள கன்றுகளைக் காக்கிறது.

தரையிலிருந்து உயர்த்திக் கட்டும் இந்த முறையின் உச்சம் மெக்ரிட்சி நீர்த்தேக்கத்தை ஒட்டிய காட்டில் இருக்கிறது. புக்கிட் பியர்ஸ், புக்கிட் காலாங் என்னும் இரண்டு குன்றுகளை இணைத்து 2004 நவம்பரில் திறக்கப்பட்ட மர உச்சி நடைபாலம் 250 மீட்டர் நீளமுள்ள தொங்குபாலமாகும். காட்டுத் தரையிலிருந்து அதன் அதிகபட்ச உயரம் 25 மீட்டர். மரங்களின் தலைப்பகுதிகள் ஒன்றோடொன்று கலந்து விரிந்த பசுங்கூரையை ஆய்வாளர்கள் அருகிலிருந்து காண்பதற்கும், புக்கிட் தீமாவுக்கு வரும் கூட்டத்தில் ஒரு பகுதியை வேறிடத்துக்குத் திருப்புவதற்கும் அது உதவும் என எதிர்பார்க்கப்பட்டது. பாலத்தின் மேல் ஒரு திசையில் மட்டுமே நடக்கலாம். ஒரே நேரத்தில் அதன் மேல் இருக்கக்கூடியவர்களின் எண்ணிக்கைக்கும் வரம்பு உண்டு. மழையும் இடியும் நெருங்கினால் வாயில் மூடப்படும். ஆண்டில் ஏறத்தாழ 170 நாள்கள் இடி கேட்கும் ஊரில், காட்டின் தலைக்கு மேல் நிற்கும் எஃகுப் பாலத்தை மூடிவைப்பதைக் கெடுபிடி என்று சொல்ல முடியாது.

ஒருவழிப் பாதையும் எண்ணிக்கை வரம்பும் ஏன் என்பதைப் புரிந்துகொள்ளத் தொங்குபாலத்தின் இயல்பை அறிவது நல்லது. இரு முனைகளிலும் தரையில் நங்கூரமிடப்பட்ட வடங்கள் கோபுரத்தூண்களின் மேல் ஏறி வளைந்து தொங்குகின்றன; அவற்றிலிருந்து இறங்கும் தொங்குகம்பிகள் நடைதளத்தைத் தாங்குகின்றன. நடப்பவரின் எடை தொங்குகம்பி வழியாக வடத்துக்கும், வடத்திலிருந்து நங்கூரத்துக்கும் சென்று முடிகிறது. இந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி பழுதானாலும் அதன் பாரம் பக்கத்திலுள்ள கண்ணிகளின் மேல் விழும். நடைபாலங்களை வடிவமைக்கும் பொறியாளர்கள் நெரிசலான கூட்டத்துக்குச் சதுர மீட்டருக்கு 5 கிலோநியூட்டன், அதாவது ஏறத்தாழ 500 கிலோ எடையைக் கணக்கில் கொள்வது வழக்கம். ஒரு சதுர மீட்டரில் ஏழு பெரியவர்கள் ஒட்டி நிற்பதற்கு அது சமம். எடை மட்டுமன்றி அசைவும் கணக்கில் சேரும். லண்டனில் தேம்ஸ் ஆற்றின் மேல் 2000 ஜூன் 10 அன்று திறக்கப்பட்ட மில்லினியம் நடைபாலம், மக்கள் நடக்க நடக்கப் பக்கவாட்டில் ஆடத் தொடங்கியது. ஆட்டத்துக்கு ஏற்பத் தங்களை அறியாமலேயே அவர்கள் காலடி மாற்றியதால் ஆட்டம் மேலும் வலுத்தது. இரண்டே நாளில் மூடப்பட்ட அப்பாலம், அதிர்வைத் தணிக்கும் கருவிகள் பொருத்தப்பட்ட பிறகு 2002 பிப்ரவரியில்தான் மீண்டும் திறக்கப்பட்டது. அங்கு எவருக்கும் தீங்கு நேரவில்லை, ஏனெனில் ஆடிய பாலத்தை உடனே மூடினார்கள்.

குஜராத்தின் மோர்பி நகரில் நேர்ந்தது வேறு. மச்சு ஆற்றின் மேல் 1879இல் கட்டப்பட்ட தொங்குபாலம் ஏறத்தாழ 230 மீட்டர் நீளமுடையதாக இருந்தது. மெக்ரிட்சி பாலத்தோடு ஒப்பிட்டால் நீளத்தில் பெரிய வேறுபாடு இல்லை. பல மாதங்கள் மூடிப் புதுப்பித்து 2022 அக்டோபர் 26 அன்று அதைத் திறந்தார்கள். நான்கு நாள் கழித்து, தீபாவளி விடுமுறைக் கூட்டம் மேலே நின்றுகொண்டிருந்தபோது அது அறுந்து விழுந்ததில் 135 பேர் உயிரிழந்தனர். மாநில அரசு அமைத்த சிறப்புப் புலனாய்வுக் குழு கண்டறிந்தவை, பராமரிப்பு என்னும் சொல்லை எளிதாகப் பயன்படுத்தும் எவரும் மனத்தில் இருத்த வேண்டியவை. முதன்மை வடங்களில் ஒன்றிலிருந்த 49 கம்பிகளில் 22 ஏற்கெனவே துருவேறிப் பழுதாகியிருந்தன. பழைய தொங்குகம்பிகளை மாற்றாமல் அவற்றோடு புதியவற்றைப் பற்றவைத்திருந்தார்கள். மரப்பலகைகளுக்குப் பதிலாக அலுமினியத் தகடுகளைப் பதித்திருந்தார்கள். திறப்பதற்குமுன் பாரச் சோதனை நடைபெறவில்லை. விபத்தின்போது ஏறத்தாழ 300 பேர் பாலத்தின் மேல் இருந்தனர். கண்ணுக்குத் தெரியும் நடைதளம் புதிதாக மின்னியது, கண்ணுக்குத் தெரியாத வடமோ உள்ளே இற்றுப்போயிருந்தது. மோர்பி பாலம் புதுப்பிக்கப்பட்டது என்று சொல்வதைவிட, அதற்கு ஒப்பனை செய்யப்பட்டது என்று சொல்வதே பொருந்தும்.

சிங்கப்பூரில் ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்கிறது. காற்றில் ஈரம் என்றும் குறைவதில்லை. குளிர்காலம் என ஒன்று இல்லாததால் பூஞ்சைக்கும் கரையானுக்கும் ஓய்வுக்காலமும் இல்லை. மரத்தின் ஈரப்பதம் ஏறத்தாழ இருபது விழுக்காட்டைத் தாண்டி நீடிக்கும்போது அழுகல் பூஞ்சை வேரூன்றும் என்பது பொதுவான கணக்கு. அந்த ஈரம் பலகையின் நடுவில் அதிகம் தங்குவதில்லை. வெயில் பட்டு மேற்பரப்பு காய்ந்துவிடும். நீர் தங்கும் இடங்கள் வேறு: பலகையும் அதைத் தாங்கும் குறுக்குச் சட்டமும் ஒன்றன் மேல் ஒன்று அமரும் இடுக்கு, திருகாணி இறங்கிய துளை, அறுத்த முனையில் நார்கள் திறந்திருக்கும் பகுதி, தூண் மண்ணைத் தொடும் விளிம்பு. எனவே பழுது பார்க்க வருபவர் பலகையின் மேல்முகத்தைப் பார்த்துவிட்டுப் போவதில்லை. குனிந்து அடியில் விளக்கடித்துப் பார்க்கிறார், தேங்காயைத் தட்டிப் பார்ப்பதுபோல் சுத்தியலால் மரத்தைத் தட்டி ஒலியைக் கேட்கிறார், சந்தேகமான இடத்தில் கூரான ஊசியைக் குத்திப் பார்க்கிறார். நல்ல மரத்தில் ஊசி எளிதில் இறங்காது. இறங்கினால் மேலே வண்ணம் எவ்வளவு புதிதாக இருந்தாலும் அந்தப் பலகையைக் கழற்ற வேண்டியதுதான். இடைவெளி விட்டுப் பலகைகளைப் பதிப்பதும், நீர் வடிந்தோடச் சிறிது சரிவு கொடுப்பதும், ஒரு பலகை பழுதானால் அதை மட்டும் கழற்றும்படி ஆணிக்குப் பதிலாகத் திருகாணி முடுக்குவதும் வரைபடத்தில் அற்பமாகத் தோன்றும் முடிவுகள். ஆனால் கட்டமைப்பின் ஆயுளைத் தீர்மானிப்பவை அவையே.

வழுக்கல் இன்னொரு தொல்லை. நிழலான பாதையில் சில வாரங்களிலேயே பாசி படர்ந்துவிடும். பலகையில் வரிப்பள்ளம் செதுக்குவது, மேலே கம்பி வலையை அறைவது, சொரசொரப்பான பட்டைகளை ஒட்டுவது எனப் பல வழிகள் இருந்தாலும், தூரிகையும் தண்ணீரும் கொண்டு தேய்த்துக் கழுவும் ஊழியருக்கு மாற்று எதுவும் கண்டுபிடிக்கப்படவில்லை.

கடலோரத்தில் சிக்கல் இரட்டிப்பாகிறது. புலாவ் உபின் தீவின் கிழக்கு முனையிலுள்ள செக் ஜாவா, மணல்திட்டு, கடற்புல் படுகை, பாறைக் கரை, சதுப்புநிலக் காடு உள்ளிட்ட ஆறு வகை வாழிடங்கள் ஓரிடத்தில் கூடிய அரிய கரையாகும். 2001இல் அதைத் தூர்த்து நிலமாக்கும் திட்டம் இருந்தது. தன்னார்வலர்களும் இயற்கை ஆர்வலர்களும் அங்குள்ள உயிரினங்களைப் பதிவுசெய்து எடுத்துக்காட்டியதன் பின்னர் அவ்வாண்டின் இறுதியில் திட்டம் ஒத்திவைக்கப்பட்டது. காப்பாற்றப்பட்ட செய்தி பரவியதும் கூட்டம் பெருகியது. வற்றுக்கடலில் இறங்கி நடந்தவர்களின் கால்களில் கடற்புல்லும் சிற்றுயிர்களும் மிதிபட்டன. எதைக் காண மக்கள் வந்தார்களோ அதையே மிதித்து அழிக்கும் நிலை. அதற்குத் தீர்வாகவே ஒரு கிலோமீட்டருக்குச் சற்றே அதிக நீளமுள்ள நடைபாதையும், 21 மீட்டர் உயரமுள்ள ஜெஜாவி கோபுரமும் 2007இல் திறக்கப்பட்டன.

ஆனால் கடல் எந்தக் கட்டமைப்பையும் சும்மா விடுவதில்லை. நாளுக்கு இருமுறை ஏறி இறங்கும் நீர், தூணின் ஒரு பகுதியை மாறி மாறி நனைத்தும் காயவைத்தும் வருகிறது. எப்போதும் நீருக்குள் இருக்கும் பகுதியையும் எப்போதும் காற்றில் இருக்கும் பகுதியையும்விட இந்த நடுப்பகுதிதான் விரைவில் கெடும். மரத்தூணாக இருந்தால் கப்பல்புழு எனப்படும் சிப்பியினம் உள்ளே துளைத்துச் சென்று, வெளியே சிறு துளை தவிர வேறெதுவும் தெரியாதபடி மரத்தைக் கூடாக்கிவிடும். கான்கிரீட்டாக இருந்தால் உப்பு நுண்துளைகள் வழியே ஊடுருவி உள்ளிருக்கும் இரும்புக் கம்பியை அடைகிறது. கம்பி துருவேறும்போது பருமன் பல மடங்கு பெருகி, சுற்றியுள்ள கான்கிரீட்டை உள்ளிருந்தே வெடிக்கச் செய்கிறது. கன்னியாகுமரியில் விவேகானந்தர் பாறையையும் திருவள்ளுவர் சிலையையும் இணைத்து 2024 டிசம்பர் 30 அன்று திறக்கப்பட்ட 77 மீட்டர் நீளக் கண்ணாடிப் பாலத்துக்கும் இதே எதிரிதான். அங்கு எழுப்ப வேண்டிய கேள்வி, கண்ணாடி எவ்வளவு தாங்கும் என்பதைக் காட்டிலும், உப்புக்காற்றில் நிற்கும் எஃகை யார் எத்தனை நாளுக்கு ஒருமுறை பார்க்கிறார்கள் என்பதாகும்.

நாட்டின் தெற்குக் குன்றுகளில் 2008இல் திறக்கப்பட்ட ஹெண்டர்சன் வேவ்ஸ் பாலத்தை, சாலைக்கு மேல் 36 மீட்டர் உயரத்தில் அலைபோல் வளைந்து செல்லும் அதன் பலாவ் மரத் தளத்துக்காக, எல்லாரும் படமெடுக்கிறார்கள். கட்டமைப்பின் நுட்பத்தை அறிய விரும்புபவருக்கு அதனையடுத்துத் தெலுக் பிளாங்கா குன்றின் சரிவில் மரங்களுக்கிடையே வளைந்து வளைந்து இறங்கும் வனநடைபாதையே சிறந்த பாடம். அதன் தளம் எஃகுச் சட்டக வலை. மழைநீர் அதன் வழியே நேராகத் தரைக்கு இறங்குகிறது, வெயிலும் சல்லடையாக இறங்குகிறது, ஆதலால் அடியில் செடிகள் தொடர்ந்து வளர்கின்றன. நீர் தேங்காததால் பாசிக்கும் இடம் குறைவு. சரிவு மென்மையாக இருப்பதால் சக்கர நாற்காலியில் வருபவரும் குழந்தை வண்டி தள்ளுபவரும் மரத்தலைகளின் உயரத்துக்கு வரமுடிகிறது. உயரமான இடங்களின் தடுப்புக் கம்பிகளுக்கு இடையே 100 மில்லிமீட்டர் விட்டமுள்ள பந்து நுழையக்கூடாது என்பது சிங்கப்பூர்க் கட்டட விதிகளில் உள்ள ஓர் அளவு. தவழும் குழந்தை அந்த இடைவெளி வழியே நழுவிவிடக்கூடாது என்னும் அக்கறை அந்த எண்ணுக்குள் இருக்கிறது.

மிதிவண்டி ஓட்டிகளுக்கான பாதைகள் தனிக் கலை. 81 ஹெக்டேர் பரப்புள்ள செஸ்ட்நட் இயற்கைப் பூங்காவில் நடப்போருக்கும் மலை மிதிவண்டியோட்டிகளுக்கும் தனித்தனிப் பாதைகள் அமைக்கப்பட்டிருப்பதே அங்குள்ள மிகப் பெரிய பாதுகாப்பு ஏற்பாடு எனலாம்.

கட்டமைப்பு எவ்வளவு உறுதியாக இருந்தாலும் அதைச் சுற்றி நிற்கும் மரங்கள் அதன் பகுதியே என்பதைச் சிங்கப்பூர் துயரத்தின் வழியே அறிந்தது. 2017 பிப்ரவரி 11 அன்று, தமிழர்கள் நெடுங்காலமாகப் பூமலை என்று அழைத்துவரும் தாவரவியல் பூங்காவில், 270 ஆண்டுக்கு மேற்பட்ட வயதும் 40 மீட்டர் உயரமும் கொண்ட தெம்புசு மரம் வேரோடு சாய்ந்ததில் இந்தியாவைச் சேர்ந்த ஒரு பெண் உயிரிழந்தார். மேலும் நால்வர் காயமடைந்தனர். அடிமரத்தின் அழுகல் வெளியிலிருந்து பார்ப்பவருக்குத் தெரிவதில்லை. மெல்லிய துளையூசியைச் செலுத்தி அது சந்திக்கும் எதிர்ப்பை அளப்பது, ஒலியலை செலுத்தி உள்ளிருக்கும் பொந்தைக் கண்டறிவது, சாய்வை அளக்கும் உணர்கருவிகளைப் பொருத்துவது ஆகிய முறைகள் இன்று கையாளப்படுகின்றன. அவையும் ஆபத்தைக் குறைக்குமே தவிர முற்றிலும் நீக்கா. காட்டில் முழுப் பாதுகாப்பு என்று எவரேனும் உறுதி கூறினால் அவர் மரத்தை அறியாதவர்.

இந்தக் கட்டமைப்புகளைப் பற்றிய எழுத்துகளில் வடிவமைப்பாளர்களின் பெயர்களும் நன்கொடையாளர்களின் பெயர்களும் இடம்பெறுகின்றன. மெக்ரிட்சி பாலமே திறக்கப்பட்டபோது நன்கொடை அளித்த வங்கியின் பெயரைத் தாங்கியிருந்தது. சிங்கப்பூரின் கட்டுமான, பராமரிப்புப் பணிகளில் உழைப்போரில் பெரும்பகுதியினர் தமிழ்நாட்டிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்த வெளிநாட்டு ஊழியர்கள் என்பதும், ஞாயிற்றுக்கிழமைகளில் தேக்காவிலும் சிராங்கூன் சாலையிலும் நிறைந்து காணப்படும் முகங்கள் அவர்களுடையவை என்பதும் அனைவரும் அறிந்ததே. பொதுமக்கள் கைப்பிடிக்கு உள்ளே நின்று காட்சி காணும் உயரத்தில், பழுது பார்க்கும் ஊழியர் கைப்பிடிக்கு வெளியே தொங்குகிறார். 2013ஆம் ஆண்டின் உயரப் பணி விதிமுறைகள், 3 மீட்டருக்கு மேல் விழ வாய்ப்புள்ள ஆபத்தான பணிக்கு முன்கூட்டியே அனுமதிச் சீட்டு பெற வேண்டும் என்று கூறுகின்றன. அந்தச் சீட்டைச் சரிபார்ப்பதும், இடுப்புவாரும் கொக்கியும் ஒழுங்காக மாட்டப்பட்டனவா என்று பார்ப்பதும் பூங்காவின் பாதுகாப்பில் அடங்கியவையே. வருகையாளர் விழாமலிருக்க ஊழியர் விழுவது எந்தக் கணக்கிலும் நியாயமாகாது.

காட்டுப் பாதைகளுக்குக் குடும்பத்தோடு செல்ல விரும்புபவர்கள் சிலவற்றை நினைவில் கொள்ள வேண்டும். மர உச்சி நடைபாலம், பொது விடுமுறையாக இல்லாத திங்கட்கிழமைகளில் திறக்கப்படுவதில்லை. மற்ற நாள்களிலும் வானம் இருண்டால் திரும்பிவர ஆயத்தமாகவே செல்ல வேண்டும். பாலத்தின் நடுவில் குதிப்பதும், படத்துக்காகக் கூட்டமாக ஓரிடத்தில் நெருங்கி நிற்பதும், கைப்பிடியின் மேல் குழந்தையை உட்கார வைப்பதும் கூடாது. பாதை மூடப்பட்டுள்ளது என்ற பலகையைக் கண்டால் அதைத் தாண்டிச் செல்லாமல் வேறு பாதை பார்க்க வேண்டும். உள்ளே யாரோ ஒருவர் அழுகிய பலகையைக் கழற்றிக்கொண்டிருக்கக்கூடும். காலடியில் ஒரு பலகை ஆடினாலோ, கைப்பிடி அசைந்தாலோ, கிளை முறிந்து தொங்கினாலோ, அந்த இடத்தைப் படமெடுத்து ஒன்சர்வீஸ் செயலி வழியாகத் தெரிவிக்கலாம். அதற்குச் சில நிமிடங்களே ஆகும்.